எல்லையும் விவாதமும்: 1962ஆம் ஆண்டு இந்திய-சீன யுத்தம்

கழுகுமலைச் சுற்றுவட்டாரத்தில் கரிசல் நிலம் உடையோர், இரு புஞ்சைகளுக்கு நடுவே விடப்படும் கரையைப் பொழி என்பர். மழைக்குப்பின் உழவு தொடங்கும் நாள்களில், அண்டை நிலத்தானுடைய கலப்பை ஒரு சால் உள்ளே வந்துவிட்டதென்று எழும் வழக்குகளை இப்பகுதியில் ஊழியம் செய்யும் ஆயர்கள் நன்கு அறிவர். இரு தரப்பாரும் பத்திரம் காட்டுவர். இரண்டும் மெய்ப் பத்திரங்களாகவே இருக்கும். வழக்கு முற்ற முற்ற, கல் எங்கே நின்றது என்னும் கேள்வி மறைந்து, யார் யாரை அவமதித்தார் என்னும் கேள்வியே எஞ்சி நிற்கும். இந்தியாவும் சீனாவும் 1962இல் நடத்திய யுத்தத்தையும், அதற்கு முன்னும் பின்னும் நம் நாட்டில் எழுந்த விவாதத்தையும் ஆராயும்போது, நமக்கு இந்தப் பொழித் தகராறுகளே நினைவில் எழுகின்றன.

இரண்டும் இளங் குடியரசுகள். சீன மக்கள் குடியரசு 1949 அக்டோபர் 1இலும், இந்தியக் குடியரசு 1950 ஜனவரி 26இலும் பிறந்தன. சீனப்படை திபெத்தினுள் புகுந்தபோது, வடஎல்லையைக் குறித்து எச்சரித்து, சர்தார் படேல் 1950 நவம்பர் 7இல் நேருவுக்குக் கடிதம் எழுதினார். எனினும் 1954 ஏப்ரலில் பஞ்சசீல ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. அதில் நட்பு இருந்தது, எல்லைக்கோடு இல்லை. கிழக்கே 1914ஆம் ஆண்டின் மக்மோகன் கோட்டை இந்தியா எல்லையெனக் கொண்டது, சீனா ஏற்கவில்லை. மேற்கே லடாக்கின் அக்சாய் சின் பகுதியில், ஏறக்குறைய 38,000 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள குளிர்ப் பாலையின் ஊடே, சீனா 1957இல் ஒரு சாலையையே போட்டு முடித்துவிட்டது. இச்செய்தி 1959 ஆகஸ்டு வரை பாராளுமன்றத்துக்கு வெளிப்படையாகச் சொல்லப்படவில்லை. பின்னர் நிகழ்ந்த கசப்பின் வேர் இந்த மௌனத்திலேயே இருந்தது என்பது நம் கருத்து.

1959 முதல் சபையில் விவாதம் கொதித்தது. அப்பகுதியில் ஒரு புல்லும் முளைப்பதில்லை என்று நேரு சொன்னபோது, காங்கிரஸ் உறுப்பினரான மகாவீர் தியாகி தம் வழுக்கைத் தலையைக் காட்டி, இங்கும் ஒன்றும் முளைப்பதில்லை, ஆகையால் இதையும் கொடுத்துவிடலாமா என்று கேட்டதாகச் சொல்லப்படுவதுண்டு. நகைச்சுவைதான், ஆனால் அதற்குப்பின் விட்டுக்கொடுத்தலைப் பற்றிப் பேச எவருக்கும் துணிவு வரவில்லை. 1960 மார்ச் 14இல் உச்சநீதிமன்றம், பெருபாரி விஷயத்தில், அரசியல் சட்டத்தைத் திருத்தாமல் நாட்டின் நிலத்தைப் பிறருக்கு அளிக்க இயலாதெனக் கருத்துரைத்தது. அடுத்த மாதமே சௌ என்-லாய் டில்லிக்கு வந்தார். கிழக்கில் இந்தியாவின் கோரிக்கையைச் சீனா ஏற்பது, மேற்கில் சீனாவின் நிலையை இந்தியா ஏற்பது என்னும் ஏற்பாட்டை அவர் குறிப்பாகத் தெரிவித்தார் என்பது வரலாற்றாசிரியர் பலரின் முடிவு. நேரு ஒப்புக்கொள்ள விரும்பியிருந்தாலும், சபையும் பத்திரிகைகளும் இடங்கொடுத்திரா.

1961 நவம்பரில் முன்னேறிக் காவல் நிலைகள் அமைக்கும் கொள்கையை இந்தியா மேற்கொண்டது. 1962 அக்டோபர் 12இல் இலங்கைக்குப் புறப்படும் வேளையில், நம் நிலத்தை விடுவிக்கும்படி படைக்குக் கட்டளையிடப்பட்டுள்ளது என்று நேரு நிருபர்களிடம் கூறினார். எட்டே நாள்களில், அக்டோபர் 20இல், சீனப்படை இரு முனைகளிலும் தாக்கியது. நவம்பர் 21இல் சீனா தானாகவே போர்நிறுத்தம் அறிவித்தபோது, இந்தியத் தரப்பில் 1,383 பேர் மாண்டிருந்தனர்; சுமார் 1,700 பேரைக் காணவில்லை; ஏறத்தாழ 4,000 பேர் கைதிகளாயினர்.

யுத்தம் நடக்கும்போதே பாராளுமன்றம் கூடியது நம் குடியரசுக்குப் பெருமை. இரகசியக் கூட்டமாக நடத்தலாம் என்ற யோசனையை நேரு மறுத்தார். நவம்பர் 8 முதல் 14 வரை மக்களவையில் 165 உறுப்பினர் பேசினர். பாதுகாப்பு அமைச்சர் கிருஷ்ண மேனன் ஏற்கனவே பதவியை இழந்திருந்தார். ஆக்கிரமிப்பாளரை விரட்டும் வரை ஓயோம் என்ற தீர்மானம் நிறைவேறியது. ஆயினும் அந்த 165 பேரில் பெரும்பாலோர் குற்றவாளி யார் என்பதைப் பற்றிப் பேசினார்களேயன்றி, கோடு எப்படிப் பிறந்தது என்பதைப் பற்றிப் பேசினார்களில்லை.

இங்கே வேறொரு யுத்தத்தை ஒப்பிட்டுப் பார்க்கலாம். 1846இல் அமெரிக்க ஐக்கிய நாடுகள் தன் அண்டைக் குடியரசாகிய மெக்சிக்கோவோடு போர் தொடுத்தது. அமெரிக்க மண்ணில் அமெரிக்க இரத்தம் சிந்தப்பட்டதென்று ஜனாதிபதி போல்க் சொல்ல, 1847 டிசம்பரில் புதிய உறுப்பினர் ஒருவர், அந்த இரத்தம் சிந்திய இடம் எது, அது யாருடைய மண் என்று தீர்மானம் கொணர்ந்து கேட்டார். அவரே ஆபிரகாம் லிங்கன். அக்கேள்வி அவருக்குத் தம் தொகுதியில் அவப்பெயரையே தேடித்தந்தது. அங்கே வலிய நாடு விரிந்தது. இங்கே நாம் தாக்கப்பட்டோம். இவ்விரண்டையும் ஒன்றாக்குவது நம் நோக்கமன்று. ஆனால் இடம் எது என்னும் கேள்வி இரு சபைகளிலும் ஒரே அளவு அருமையாகவே இருந்தது.

தமிழ்நாட்டிலும் இவ்விவாதம் தடம் பதித்தது. யுத்தத்துக்குச் சில வாரங்கள் முன்பு, 1962 செப்டம்பரில், இராஜாஜி அணுகுண்டுச் சோதனையை நிறுத்தும்படி கென்னடியைச் சந்தித்து வேண்டினார். அவரே பிறகு சீன விஷயத்தில் நேருவின் கொள்கையைக் கடுமையாகச் சாடினார். 1962 மே மாதத்தில் மாநிலங்களவையில் திராவிட நாடு கேட்ட அண்ணா, யுத்தம் வந்ததும் பிரிவினைக் கிளர்ச்சியை நிறுத்திப் பாதுகாப்பு நிதிக்கு ஆதரவு திரட்டினார். 1963இல் பிரிவினைப் பிரச்சாரத்தைத் தடைசெய்யும் பதினாறாவது திருத்தம் வந்தது. வீடு இருந்தால்தான் ஓட்டை மாற்ற முடியும் என்ற அவருடைய வாதம் நன்கு அறியப்பட்டதே.

கோவில்பட்டி வட்டாரத்தைப் போன்ற, செங்கொடி வேரூன்றிய ஊர்களில் சோதனை வேறு விதமானது. கம்யூனிஸ்ட் கட்சியின் தேசியக் குழு 1962 நவம்பர் 1இல் சீனத் தாக்குதலைக் கண்டித்தது; உடன்படாத ஒரு பகுதியினர் இருந்தனர். அவர்களில் பலர் விசாரணையின்றிச் சிறைப்பட்டனர். 1964இல் கட்சி இரண்டாயிற்று. மாறுபட்ட கருத்துடையோரைத் துரோகி என்று அழைப்பது அந்நாள்களில் மிக மலிவாயிருந்தது.

நியாயாதிபதிகள் 11ஆம் அதிகாரத்தை இங்கே நம் மாணாக்கர் திரும்ப வாசிப்பது நலம். அர்னோன் முதல் யாப்போக் வரையுள்ள நிலத்தைக் குறித்து யெப்தா அம்மோனியரின் அரசனிடம் தூதர்களை அனுப்பி, முந்நூறு ஆண்டு வரலாற்றை எடுத்துக்காட்டி வாதாடுகிறான். வாதம் செம்மையானது, எதிரி கேட்கவில்லை, யுத்தம் வெல்லப்படுகிறது. ஆனால் விலையைக் கொடுத்தவள், அவ்வழக்கில் எந்தப் பங்குமில்லாத, அவன் வீட்டுப் பெண். இவ்வதிகாரத்தைப் பிரசங்கிப்போர் பொருத்தனையைப் பற்றியே பேசி, முற்பகுதியின் எல்லை விவாதத்தைக் கடந்துபோய்விடுகிறோம்.

1962இல் அந்த விலையைக் கொடுத்தவர்கள், நம் நாட்டிலேயே வாழ்ந்த சீன வம்சத்தார். தாய் தந்தையரோ பாட்டன் பாட்டியரோ சீனக் குடியுரிமை பெற்றிருந்தால் போதும், அவர்களை அந்நியராக நடத்தலாம் என அவசரச் சட்டம் இடமளித்தது. அஸ்ஸாம், டார்ஜீலிங் முதலிய இடங்களிலிருந்து ஏறக்குறைய 3,000 பேர், குழந்தைகளும் முதியோருமாக, இரயில் ஏற்றப்பட்டு இராஜஸ்தானின் தேவ்லி முகாமில் அடைக்கப்பட்டனர். எவர்மீதும் வழக்குத் தொடரப்படவில்லை. அவர்களில் பலர் அஸ்ஸாமின் மாகும் என்ற ஊரினர். தேயிலைத் தோட்டங்களில் வேலைசெய்யக் கொண்டுவரப்பட்டவர்களின் சந்ததியார் அவர்களிடையே இருந்தனர்.

1963 மார்ச் 1இல் சர்வோதயத் தொண்டர் சங்கரராவ் தேவ் தலைமையில் ஒரு சிறு கூட்டம் டில்லியிலிருந்து பீக்கிங் நோக்கிச் சமாதான நடைப்பயணம் புறப்பட்டது. சீனா அவர்களை உள்ளே விடவில்லை. வழியெங்கும் நம்மவர்களில் பலரும் அவர்களை ஐயத்துடனேயே பார்த்தனர்.

தேவ்லி முகாமின் கடைசிக் கைதிகள் 1967இல் தான் வெளியே வந்தனர். அவர்களில் பலர் தங்கள் ஊருக்குத் திரும்பியபோது, அவர்களுடைய வீடுகளும் கடைகளும் பகைவர் சொத்தென்று ஏலம் போடப்பட்டிருந்தன. ஏலத்தில் எடுத்து அங்கே குடியிருந்தவர்கள் அவர்களுடைய பழைய அண்டை வீட்டாரே.