இரவல் சிறகுகள்

கும்மிடிப்பூண்டி சிப்காட்டிலும் திருவள்ளூரைச் சுற்றிலும் சிறுதொழில் நடத்துகிறவர்கள் உங்களில் அநேகர் உண்டு. கொட்டகை வாடகைக்கு, இயந்திரம் தவணைக்கு என்று தொழில் செய்யும் உங்களுக்கும், அங்கே உழைத்துக் குடும்பம் நடத்துகிறவர்களுக்கும், நம் மாநிலத்தில் தோன்றி மறைந்த ஒரு விமான நிறுவனத்தின் வரலாற்றை இவ்வாரம் சொல்ல விரும்புகிறேன்.

1953இல் நாட்டுடைமையாக்கப்பட்ட விமானப் போக்குவரத்து, 1994இல் சட்டப்படி தனியாருக்கு மீண்டும் திறக்கப்பட்டது. 2005 அக்டோபரில், மதுரையின் ஜவுளித் தொழில் குடும்பத்தைச் சேர்ந்த எம். தியாகராஜன் தொடங்கிய பாரமவுண்ட் ஏர்வேஸ் பறக்கத் தொடங்கியது. சென்னையை மையமாகக் கொண்டு மதுரை, கோவை முதலிய நகரங்களை அது இணைத்தது. பிரேசில் நாட்டு எம்ப்ரேயர் ஜெட் விமானங்களை அது தேர்ந்துகொண்டதற்குத் தெளிவான கணக்கு இருந்தது. 80 இருக்கைகளுக்குக் குறைந்த விமானங்களுக்கு அப்போது தரையிறங்கும் கட்டணம் இருக்கவில்லை. பின்னர் 40 டன்னுக்குக் குறைந்தவற்றின் எரிபொருளுக்கு விற்பனை வரியும் 4 சதவீதம் மட்டுமே என்றாயிற்று. அந்தச் சிறிய விமானத்தில் அனைத்தும் உயர்வகுப்பு இருக்கைகள். வியாபார நிமித்தம் பயணம் செய்கிறவர்களையே அது நம்பியிருந்தது.

கணக்கு தவறானதன்று. ஆயினும் விமானங்கள் அதற்குச் சொந்தமல்ல, குத்தகைக்கு வந்தவை. 2008இல் கச்சா எண்ணெய் விலை பீப்பாய்க்கு 140 டாலரைக் கடந்தது. மலிவுக் கட்டண நிறுவனங்களின் போட்டியும் இருந்தது. குத்தகைத் தொகை பற்றிய தகராறு லண்டன் உயர்நீதிமன்றம் வரை சென்றது. தவணை தவறியவர் பொருளை இழந்துபோகாதபடி அவருக்கு அவகாசம் அளிக்கும் நிவாரணம் ஆங்கிலச் சட்டத்தில் உண்டு. ஆனால் விமானத்தின் ஆயுட்காலத்தில் ஒரு பகுதிக்கு மட்டும் வாடகை செலுத்துகிறவருக்கு அது பொருந்தாது என்று 2010இல் தீர்ப்பாயிற்று. அவ்வாண்டிலேயே பாரமவுண்டின் சேவை நின்றது. பின்னர் 2016இல் கோவையில் ஏ.டி.ஆர். விமானத்தோடு தொடங்கிய ஏர் கார்னிவல், ஓராண்டு நிறையுமுன் 2017இல் ஓய்ந்தது.

அன்பானவர்களே, இரவல் வாங்குவது குற்றமன்று. கையில் முழு முதல் சேரும்வரை காத்திருந்தால் சிப்காட்டில் பாதிக் கதவுகள் திறந்திராது. ஆனால் நல்ல காலத்தில் வாடகைப் பொருளும் சொந்தப் பொருளும் ஒன்றுபோலவே உழைக்கும். தவணை தவறும் நாளில்தான் வேறுபாடு தெரியும். ஆகவே ஒப்பந்தத்தில் கையெழுத்திடுமுன், தவணை தவறினால் என்ன நேரும் என்ற பகுதியை முதலாவது வாசியுங்கள். ஆதாயம் வரும் மாதங்களில், சில மாதச் சம்பளத்துக்காகிலும் பணத்தைத் தனியே எடுத்துவையுங்கள். விமானம் பறிபோகும்போது விமானிக்கு மட்டுமல்ல, பயணப்பெட்டி சுமந்தவருக்கும் வேலை போகிறது. குத்தகைப் பத்திரம் எழுதப்பட்டபோது அவரை யாரும் கேட்கவில்லை. உங்கள் பட்டறையில் அவர் யார் என்று இன்று எண்ணிப் பாருங்கள்.