இளைஞர் கிண்ணத்தின் முதற் பருவம்

ஐரோப்பிய உதைபந்தாட்ட வரலாற்றை எழுதுவோர் 2013ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதத்தைப் பெரிதாகக் குறிப்பதில்லை. அம்மாதம் 17ஆம் நாள், அக்கண்டத்தின் பல நகரங்களில், பத்தொன்பது வயதுக்கு உட்பட்டோருக்கென ஒரு புதிய சர்வதேசப் போட்டி தொடங்கிற்று. 32 கழகங்களின் இளைஞர் அணிகள் அதில் ஆடின. யூஃபா இளைஞர் லீக் என்பது அதன் பெயர். ஏழு மாதங்கள் நடந்த அந்த முதற் பருவம், 2014 ஏப்ரல் 14ஆம் நாள், சுவிற்சர்லாந்தில் ஏரிக்கரை நகரமாகிய நியோனில் இறுதியாட்டத்தோடு முடிவுற்றது. நம் ஊர்களில் அன்று சித்திரைப் புத்தாண்டு.

இதனைப் பற்றி மட்டக்களப்பு வாவிக்கரையில் இருந்துகொண்டு நாம் எழுத வேண்டிய தேவை என்ன என்று ஆசிரிய நண்பர்கள் கேட்கலாம். கேட்பது நியாயமே. ஆனால் அப்போட்டியின் கதையைப் படித்துச் செல்கையில், நமக்கு நன்கு பழகிய ஒரு கோடு அதன் நடுவே ஓடக் காண்கிறோம். ஐம்பத்தாறு கிலோமீற்றர் நீண்டு கிடக்கும் நமது வாவி நிலத்தை மட்டுமா பிரிக்கிறது? கதிரவன் எழும் கடற்புறம் எழுவான்கரை. அவன் சாயும் வயற்புறம் படுவான்கரை. நகரமும், பெயர்பெற்ற கல்லூரிகளும், அமெரிக்க யேசுசபைத் துறவி வெபர் அடிகளாரின் பெயரைத் தாங்கிய விளையாட்டரங்கும் எழுவான்கரைப் பக்கம். நெல்லும் கால்நடையும், அவற்றை வளர்ப்போரின் வறுமையும் படுவான்கரைப் பக்கம். மண்முனைத் துறையில் பாலம் திறக்கப்பட்டதே 2014 ஏப்ரலில்தான். நாம் பேசும் இறுதியாட்டம் நடந்த அதே மாதத்தில். அதுவரை அத்துறையில் படகுப்பாதைக்குக் காத்து நின்றே மக்கள் வாவியைக் கடந்தனர். திறமை இரு கரைகளிலும் ஒன்றுபோலவே பிறக்கிறது. மைதானம் அவ்வாறு பிறப்பதில்லை. உலக உதைபந்தாட்டத்திலும் ஓர் எழுவான்கரை உண்டு.

இளைஞர் லீக் யூஃபாவின் மூளையில் முதலில் உதித்ததன்று. இங்கிலாந்தில் மார்க் வார்பர்ட்டன் முதலிய சிலர் தனிமுயற்சியாக 'நெக்ஸ்ட்ஜென்' என்ற தொடரை 2011இல் தொடங்கினர். ஐரோப்பியக் கழகங்களின் இளைஞர்கள் ஒருவரோடு ஒருவர் மோதிப் பழக இடமே இல்லை என்ற குறையிலிருந்து பிறந்தது அது. முதற் பருவத்தை மிலான் நகரின் இன்டர் கழகமும், இரண்டாவதை இங்கிலாந்தின் அஸ்டன் வில்லாவும் வென்றன. மூன்றாவது பருவம் நடக்கவில்லை. அதற்குள் யூஃபா தனது கொடியோடும் நிதியோடும் களத்தில் இறங்கிவிட்டது. சிறுகடைக்காரன் ஓடித் திரிந்து உண்டாக்கிய வாடிக்கையைப் பெருவணிகன் எடுத்துக்கொள்ளும் கதை நமக்குப் புதிதா என்ன?

அந்த 32 அணிகள் தெரிவு செய்யப்பட்ட முறையைக் கவனிக்க வேண்டும். அவ்வாண்டுச் சம்பியன்ஸ் லீக்கின் குழுநிலைக்குத் தகுதி பெற்ற 32 கழகங்கள் எவையோ, அவற்றின் பிள்ளைகளே இளைஞர் லீக்கிலும் ஆடத் தகுதி பெற்றனர். அதே குழுக்கள், அதே எதிரணிகள். தம் நாட்டு இளைஞர் போட்டியில் முதலிடம் பெற்ற ஓர் அணி, அதன் மூத்தோர் அணி பணபலம் குன்றியது என்ற காரணத்தால் வெளியே நின்றது. தகப்பன் நிலவுடைமையாளன் என்பதற்காக மகனுக்கு வகுப்பில் முதல் வாங்கு கொடுக்கும் பள்ளிக்கூடத்தை நாம் ஒப்புவோமா? ஒழுங்குசெய்ய இலகுவானது என்பது இம்முறைக்குச் சொல்லப்படக்கூடிய நியாயம். பிரயாணமும் கால அட்டவணையும் பெரியவர்களுடையவற்றோடு பொருந்திவிடும். நியாயந்தான், ஆனால் கணக்கப்பிள்ளையின் நியாயம்.

பருவத்தின் ஆட்டங்களை ஒவ்வொன்றாகச் சொல்லி வாசகரைக் களைப்படையச் செய்ய நாம் விரும்பவில்லை. நான்கு அணிகள் நியோனுக்கு வந்து சேர்ந்தன. அரையிறுதியில் போர்த்துக்கலின் பென்பிக்கா, ரியல் மட்ரிட்டின் இளைஞரை 4-0 எனக் கவிழ்த்தது. பார்சலோனா, ஜெர்மனியின் சுரங்கத் தொழிலாளர் பிரதேசத்திலிருந்து வந்த ஷால்க அணியை 1-0 என அரும்பாடுபட்டு வென்றது. இறுதியாட்டத்தில் அத்தகைய பாடு இருக்கவில்லை: பார்சலோனா 3, பென்பிக்கா 0. முதல் கோலை ரொட்ரிகோ தரீன் அடித்தான். மற்ற இரண்டையும் அடித்தவன் முனிர் எல் ஹதாதி என்ற பதினெட்டு வயது இளைஞன். அவற்றுள் ஒன்று, எதிரணியின் கோல் காப்பாளர் முன்னேறி நிற்பதைக் கண்டு, மைதானத்தின் நடுக்கோட்டருகிலிருந்து வானில் உயர்த்தி அடித்தது. அத்தொடரில் அவன் அடித்த கோல்கள் 11. வேறெவரும் அத்தனை அடிக்கவில்லை. யூஃபாவின் முன்னாள் தலைவர் லெனார்ட் யொஹான்சனின் பெயரைக் கொண்ட கிண்ணம் பார்சலோனாவிற்குச் சென்றது.

முனிரின் தந்தை மொறோக்கோவிலிருந்து இளவயதில் மீன்பிடிப் படகொன்றில் ஸ்பெயினை அடைந்து உழைத்துக் குடியேறியவர். நம் கரையோர மக்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை. போர் முடிந்த பின்னரும் கிழக்குக் கரையிலிருந்து மீன்பிடி வள்ளங்களில் அவுஸ்திரேலியா நோக்கிப் புறப்பட்டவர்களை நாம் அறிவோம். அவர்களில் பலர் திருப்பி அனுப்பப்பட்டதையும் அறிவோம். ஒரே வகைப் படகு. ஒரு கரையில் அது குற்றம், மறு கரையில், மகன் கோல் அடித்த பின்னர், பத்திரிகையாளரின் இனிய கதை.

இனி, வெற்றிவிழாவில் எவரும் நினைவூட்ட விரும்பாத ஒன்றைப் பார்ப்போம். இறுதியாட்டத்துக்குப் பன்னிரண்டு நாள் முன்பு, 2014 ஏப்ரல் 2ஆம் நாள், சர்வதேச உதைபந்தாட்டச் சம்மேளனமாகிய பீபா ஒரு தீர்ப்பை வெளியிட்டது. 2009க்கும் 2013க்கும் இடையில் பதினெட்டு வயது நிறையாத அயல்நாட்டுப் பிள்ளைகள் பத்துப் பேர் தொடர்பில் பார்சலோனா கழகம் விதிகளை மீறிற்று என்பது அதன் முடிவு. அடுத்தடுத்த இரண்டு பரிமாற்றக் காலங்களில் புதிய வீரரைச் சேர்க்கத் தடையும், 450,000 சுவிஸ் பிராங் அபராதமும் விதிக்கப்பட்டன. கண்மூடியிருந்த ஸ்பானிய உதைபந்தாட்டச் சம்மேளனத்துக்கு 500,000 பிராங். மேல்முறையீட்டின் பொருட்டுத் தடை சிறிது காலம் நிறுத்தி வைக்கப்பட்டது. எனினும் அவ்வாண்டு டிசெம்பர் 30ஆம் நாள் விளையாட்டுக்கான நடுவர் மன்றம் தண்டனையை உறுதிசெய்தது. கிண்ணம் வென்ற அணியினர்தாம் அந்தப் பத்துப் பேர் என்று நாம் சொல்லவில்லை. ஒரு கழகத்தின் ஒரே இளைஞர் பயிற்சி அமைப்பு, ஒரே மாதத்தில், ஐரோப்பாவின் முதல் இளைஞர் கிண்ணத்தையும் சிறுவரைக் கொணர்ந்தமைக்கான தண்டனையையும் பெற்றது என்பதே செய்தி.

அந்த விதி எங்கிருந்து வந்தது? 1995 டிசெம்பரில் பொஸ்மன் என்ற பெல்ஜிய ஆட்டக்காரரின் வழக்கில் ஐரோப்பிய நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஒப்பந்தம் முடிந்த வீரனைக் கழகம் விலைபேசித் தடுத்து வைக்க முடியாது என்றது அது. தொழிலாளியின் பக்கம் நின்ற நல்ல தீர்ப்பு. ஆனால் முதலாளி ஒரு வாசல் அடைபட்டால் இன்னொன்றைத் திறப்பான். வளர்ந்த வீரனைக் கட்டிவைக்க முடியாதபோது, வளராத பிள்ளையை மலிவாகப் பெற்று வளர்ப்பது இலாபமாயிற்று. ஆபிரிக்காவிலும் தென்னமெரிக்காவிலும் முகவர்கள் சிறுவரின் பெற்றோரிடம் காணியையும் வீட்டையும் விற்கச் செய்து, ஐரோப்பிய நகரங்களில் அவர்களைத் தெருவில் விட்டுச் சென்ற கொடுமைகள் பெருகின. இதன் பின்னரே 2001இல் பீபா, பதினெட்டு வயது நிறைந்தாலன்றி நாடுவிட்டு நாடு கழகம் மாறலாகாது என்று விதித்தது. விலக்குகளும் வைத்தது. பெற்றோர் பந்தாட்டத்தோடு தொடர்பில்லாத காரணத்தால் குடிபெயர்ந்திருந்தால் அனுமதி உண்டு. ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் பதினாறு வயதே போதும். இவற்றில் முதலாவது விலக்கினூடே எத்தனை தகப்பன்மாருக்குக் கழகம் இருக்கும் நகரத்திலேயே திடீரெனத் தொழில் கிடைத்தது என்பது தனியே ஆராயத்தக்கது!

சட்டம் நல்லதே. எனினும் அது செயற்பட்ட விதத்தில் யார் அடிபட்டார்? தென்கொரியாவிலிருந்து பார்சலோனாவுக்கு வந்திருந்த லீ சுங்-வூ, 1998 ஜனவரியில் பிறந்தவன். தீர்ப்பின் விளைவாக 2016 ஜனவரியில் பதினெட்டு நிறையும்வரை அவன் கழகத்துக்காக அதிகாரபூர்வமான ஆட்டம் எதிலும் இறங்க இயலவில்லை. பதினாறும் பதினேழும் ஆட்டக்காரனின் கால்கள் தம் மொழியைக் கற்கும் வயது. கழகமோ, தடை நடைமுறைக்கு வருமுன்பே லூயிஸ் சுவாரஸ் போன்றோரை வாங்கிக்கொண்டு, 2015இல் ஐரோப்பியச் சம்பியன் பட்டத்தையும் வென்றது. 2016இல் ரியல் மட்ரிட்டும் அத்லெட்டிக்கோவும், 2019இல் செல்சியும் இதே வகைக் குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டன. ஆகவே இது ஒரு கழகத்தின் ஒழுக்கக்கேடு அன்று, தொழிலின் முறை.

சிறுவரை 'ஆட்சேர்த்தல்' என்ற சொல்லை இவ்விடத்தில் நாம் தயங்கியே எழுதுகிறோம். மட்டக்களப்பில் அச்சொல்லுக்கு வேறொரு பாரம் உண்டு. போர்க்காலத்தில் புலிகள் இயக்கமும், 2004இல் அதிலிருந்து பிரிந்த கருணா அணியும் இக்கரைகளின் பிள்ளைகளைப் படைக்குக் கொண்டுசென்றன. 2006இல் இங்கு வந்து விசாரித்த ஐக்கிய நாடுகளின் விசேட ஆலோசகர் அலன் றொக், பின்னைய அணியின் செயலுக்குப் பாதுகாப்புப் படையில் ஒரு பகுதியினரும் துணைநின்றனர் என்று கூறினார். துப்பாக்கியையும் பந்தையும் ஒரே தராசில் வைப்பது பெரும் அநீதியாகும். ஆனால் பிள்ளையின் ஒப்புதல் என்பது எவ்வளவு மெலிந்த காகிதம் என்பதை நம் தாய்மார் அளவுக்கு அறிந்தவர் குறைவு. அந்த அறிவோடு பீபாவின் விதியைப் படித்தால் அதன் அருமையும் தெரியும், ஓட்டைகளும் தெரியும்.

முனிரிடம் மீண்டும் வருவோம். கிண்ணம் வென்ற ஐந்தாம் மாதம், 2014 செப்டெம்பர் 8ஆம் நாள், ஸ்பெயினின் தேசிய அணி அவனை மசிடோனியாவுக்கு எதிராக இறக்கியது. ஆட்டம் முடியப் பதின்மூன்று நிமிடங்கள் இருந்தன. அதன்பின் ஸ்பெயினின் மூத்தோர் அணி அவனை அழைக்கவேயில்லை. தந்தையின் நாடான மொறோக்கோவுக்கு ஆட அவன் கேட்டபோது, அந்தப் பதின்மூன்று நிமிடம் குறுக்கே நின்றது. 2018 உலகக் கிண்ணத்துக்கு முன் நடுவர் மன்றம் அவனது கோரிக்கையை நிராகரித்தது. 2020இல் பீபா விதியைத் தளர்த்திய பின்னரே வழி திறந்தது. 2021 மார்ச்சில் மொறோக்கோவுக்காக ஆடினான். ஒரு மனிதன் எந்த நாட்டவன் என்பதை அவனைக் கேளாமல் காகிதம் தீர்மானிப்பதை, 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தோட்டத் தொழிலாளரை நாடற்றோராக்கிய இலங்கையில் யாரும் விசித்திரமாகக் கருதமாட்டார்.

போட்டியின் வாசல் 2015இல் அகன்றது. சம்பியன்ஸ் லீக் கழகங்களின் 32 அணிகளோடு, தத்தம் நாட்டு இளைஞர் போட்டியில் வென்ற 32 அணிகளுக்கும் இடம் கிடைத்தது. விளைவு உடனே பெரிதாகத் தெரியவில்லை. ஆனால் 2023 ஏப்ரலில் ஜெனீவாவில் நடந்த இறுதியாட்டத்தில் எதிரெதிரே நின்றவை ஒல்லாந்தின் ஏஇஸட் அல்க்மாரும், குரோஷியக் கடற்கரை நகரமான ஸ்பிளிட்டின் ஹைடுக் கழகமும். இரண்டும் நாட்டுச் சம்பியன்களுக்குரிய வாசலால் வந்தவை. முதற் பருவத்தின் முறை நீடித்திருந்தால் இரண்டும் வெளியே நின்றிருக்கும். ஏஇஸட் 5-0 என வென்றது.

இக்கதையில் நம்முடைய கழகங்களுக்கு நேரடியாகப் பயன்படும் கணக்கொன்றும் இருக்கிறது. ஒப்பந்தக் காலத்தில் ஒரு தொழில்முறை வீரன் நாடுவிட்டு நாடு விலைக்கு மாறும்போது, அவ்விலையில் நூற்றுக்கு ஐந்து, அவனைப் பன்னிரண்டு முதல் இருபத்துமூன்று வயதுவரை பயிற்றிய கழகங்களுக்குப் பங்கிடப்பட வேண்டும் என்பது பீபாவின் விதி. முதல் நான்கு ஆண்டுகளில் ஆண்டொன்றுக்குக் கால் வீதம். பின்னைய எட்டு ஆண்டுகளில் ஆண்டொன்றுக்கு அரை வீதம். பெருஞ்சந்தையில் கால் வீதம் என்பது ஓர் ஊர்க் கழகத்துக்கு வேலியிட்ட மைதானமும் பல ஆண்டுகளுக்கான பந்துகளுமாகும். ஆனால் பதிவேட்டில் பெயருள்ள கழகத்துக்கே அது கிடைக்கும்; பிள்ளைக்குப் பந்து வாங்கிக் கொடுத்த வாத்தியாருக்கு இல்லை.

நாட்டின் மேல்மட்டம் இதைப் பார்த்துக்கொள்ளும் என்று நாம் நம்பியிருக்க முடியவில்லை. அரசியல் தலையீட்டின் காரணமாக 2023 ஜனவரியில் பீபா இலங்கைச் சம்மேளனத்தை இடைநிறுத்தியது. ஓகஸ்டில்தான் தடை நீங்கியது. அந்த ஏழு மாதமும் நாட்டின் எந்த அணிக்கும் சர்வதேச ஆட்டம் இல்லை. எனவே ஊரிலேயே தொடங்கக்கூடியது எதுவோ அதைத் தொடங்க வேண்டும். கொக்கட்டிச்சோலையிலோ வெல்லாவெளியிலோ மாலையில் பிள்ளைகளைப் பந்தாட வைக்கும் ஆசிரியர், ஊர்க் கழகத்தை மாவட்டச் சங்கத்தில் பதிந்து, பன்னிரண்டு வயதிலிருந்தே பிள்ளைகளின் பெயரையும் பிறந்த திகதியையும் எழுதி வைக்கலாம். எந்தப் பருவம், எந்தக் கழகம், எந்தத் திகதி முதல் எந்தத் திகதி வரை: பின்னர் கேட்கப்படுவது இவ்வளவே.