காலில் சக்கரம் கட்டிய துப்புரவாளர்

சேரியைப் படம் பிடித்தவர்கள் நிறையப் பேர். அந்தப் படங்களில் நாம் குனிந்திருப்போம், அழுதிருப்போம், செத்துக் கிடப்போம். அவை வேண்டாமென்று நான் சொல்லவில்லை. அமுதன் 2003இல் மதுரையில் எடுத்த 'பீ', திவ்யபாரதி 2017இல் வெளியிட்ட 'கக்கூஸ்' போன்ற படங்கள் இல்லையென்றால், மலம் அள்ளுவது எப்பவோ ஒழிஞ்சுபோச்சு என்று அதிகாரிகள் கூசாமல் சொல்லியிருப்பார்கள். ஆனால் கொடுமைக்கு அப்பால் நமக்கென்று பாட்டும் நாடகமும் நக்கலும் உண்டே, அதை எந்தக் கேமரா எடுத்தது?

இந்த இடத்தில்தான் மும்பைக் கலைஞர் அமோல் கே. பாட்டீல் எனக்கு முக்கியமாகப் படுகிறார். 1987இல் பிறந்தவர். வீடியோ, ஒலி, அசையும் சிற்பம், நிகழ்த்துதல் ஆகியவற்றை ஓரிடத்தில் சேர்த்து, பார்க்க வருகிறவர்கள் அவற்றின் நடுவே நடந்துபோகும்படி அமைக்கிறார். நிறுவல் கலை என்று இதைச் சொல்கிறார்கள். அவருடைய தாத்தா பவாடா கட்டியவர். பவாடா மராட்டிய வீரக்கதைப் பாட்டு. மன்னர் புகழ் பாடிய அந்த வடிவத்தைக் கைப்பற்றி அம்பேத்கர் இயக்கப் பாடகர்கள் நம் சனங்களின் கதையைப் பாடினார்கள். அப்பா, மாநகராட்சி வேலை பார்த்துக்கொண்டே, பிழைக்க வந்த தொழிலாளர்களைப் பற்றி நாடகம் எழுதியவர். பேரன் கையில் கேமரா வந்தபோது இந்தப் பாட்டும் நாடகப் பிரதியும் அவருக்கு மூலப்பொருளாயின.

2023இல் லண்டன் ஹேவர்ட் கேலரியில் அவர் வைத்த கண்காட்சி பி.டி.டி. சால்களைப் பற்றியது. 1920களில் வெள்ளை அரசு கட்டிய தொழிலாளர் குடியிருப்புகள் அவை. 160 சதுர அடியில் ஒரு குடும்பம், பொதுக் கழிப்பறை. தலித் சிறுத்தைகள் தேர்தல் புறக்கணிப்பை அறிவித்த 1974 ஜனவரியில் கலவரம் வெடித்தது ஒர்லியின் இந்தச் சால்களில்தான். போலீசு எந்தப் பக்கம் நின்றது என்று சொல்லவேண்டியதில்லை. அதையொட்டி ஜனவரி 10 ஊர்வலத்தில் பகவத் ஜாதவ் கல்லால் அடித்துக் கொல்லப்பட்டார். அந்தச் சுவர்கள் இப்போது இடிபட்டு அடுக்குமாடிகளாகின்றன. சுவரோடு வரலாறும் போகும்.

2022இல் ஜெர்மனியின் காசெல் நகரில் நடந்த டாக்குமெண்டா கண்காட்சியில் அவர் வைத்த படைப்புக்கு, சக்கரக் காலணியில் ரேடியோவோடு வேலைக்குப் போகும் மும்பைத் துப்புரவாளர் ஒருவர்தான் தூண்டுதல். குனிந்தே கிடக்கவேண்டிய உடம்பு பாட்டோடு வழுக்கிக்கொண்டு போகிறது! பரிதாபப்படக் காத்திருப்பவனுக்கு இதில் இடமே இல்லை. இதை நான் கலகம் என்பேன்.

'ஜெர்மனிக்காரன் பாத்து என்ன ஆகப்போவுது?' என்று தோழர்கள் கேட்பார்கள். நியாயமான கேள்விதான். அந்தச் சால்வாசிகளில் எத்தனை பேர் லண்டன் போய் அதைப் பார்த்திருக்க முடியும்? ஆனால் கேலரியை விட்டுவிட்டு அந்த வழிமுறையை எடுத்துக்கொள்ளலாம்.

நம் தென்சென்னைக்கு அது அவசரமாகத் தேவை. கூவம், அடையாற்றுக் கரைகளிலிருந்து பெயர்க்கப்பட்ட சனங்களை 2000 முதல் கண்ணகி நகரிலும், பிறகு செம்மஞ்சேரியிலும், 2015 வெள்ளத்துக்குப் பின் பெருமளவில் பெரும்பாக்கத்திலும் கொண்டுவந்து கொட்டினார்கள். அவர்களில் மிகப் பலர் தலித்துகள். 2020இல் வெளிக் கலைஞர்கள் வந்து கண்ணகி நகரின் வெளிச்சுவர்களில் பெரிய பெரிய ஓவியங்கள் தீட்டினார்கள். அழகாகத்தான் இருந்தது. ஆனால் அந்தச் சுவருக்கு உள்ளே இருக்கிற பாட்டி, எந்தக் கரையிலிருந்து வந்தாள், அங்கே எந்தச் சாவுக்கு என்ன கானா பாடினார்கள் என்பதை எந்தச் சுவரும் சொல்லவில்லை.

2021இல் தாம்பரம் மாநகராட்சியானது. அதன் தெருக்களைக் கூட்டுகிறவர்களின் பிள்ளைகள் கையில் இன்றைக்குச் செல்போன் இருக்கிறது. அம்மா துடைப்பம் பிடிப்பதை மட்டும் எடுக்காதீங்க. வேலை முடிஞ்சு டீக்கடையில அவங்க மேஸ்திரியைக் கிண்டலடிக்கிறதையும் எடுங்க. தாத்தாவின் பறையடியைப் பதிவு பண்ணுங்க. தெரு முக்கில் வெள்ளை வேட்டியைக் கட்டி, அதே சனங்களுக்குப் போட்டுக் காட்டுங்க. நம் ஆவணக் காப்பகம் அங்கேதான் தொடங்கும்.