அமன்டடின்: ஃப்ளூ மாத்திரை நடுக்க மாத்திரையான கதை

"வைரஸ் காய்ச்சலுக்கு மருந்தே கிடையாதா டாக்டர்?" ஓ.பி.யில் அடிக்கடி வரும் கேள்வி இது. ஃப்ளூ வைரஸுக்கு மருந்து உண்டு மக்களே. அதில் மூத்த மருந்தின் கதையைத்தான் இப்போ பார்க்கப் போறோம்.

அதன் பெயர் அமன்டடின். ஆசிய ஃப்ளூவைத் தடுக்க 1966-ல் அமெரிக்காவில் அனுமதி பெற்றது.

எப்படி வேலை செய்யும்?

ஃப்ளூ-ஏ வைரஸின் மேல் எம்-2 என்று ஒரு குட்டி வாசல் இருக்கு. நம் செல்லுக்குள் போன வைரஸ், அதன் வழியாக அமிலத்தன்மையை உள்ளே இழுத்துத்தான் தன் மூட்டையை அவிழ்க்கும். அந்த வாசலில் தக்கை மாதிரி அடைத்துக்கொள்வதே அமன்டடினின் வேலை. ஃப்ளூ-பி வைரஸிடம் இது பலிக்காது.

1968-ல் ஒரு திருப்பம். பார்கின்சன் நோயுள்ள ஒரு பெண்மணி, ஃப்ளூ வராமலிருக்க இதைச் சாப்பிட்டார். கை நடுக்கமும் உடல் இறுக்கமும் குறைந்தன. நிறுத்தியதும் திரும்பி வந்தன! அதை அவர் சொன்னார், டாக்டர் ராபர்ட் ஷ்வாப் காது கொடுத்துக் கேட்டார். 163 நோயாளிகளுக்குக் கொடுத்துப் பார்த்ததில் 66 சதவீதம் பேருக்குப் பலன். 1969-ல் கட்டுரையாக வந்தது.

சரி, ஃப்ளூவுக்கு என்ன ஆச்சு?

சீனாவில் சளி மாத்திரைகளில் பாராசிட்டமாலோடு இதையும் கலந்து விற்றார்கள். பறவைக் காய்ச்சலுக்குப் பயந்து கோழிகளுக்கும் கொடுத்தார்கள். 2005-ல் இது உலகச் செய்தியானது.

2006 ஜனவரியில் அமெரிக்காவின் சி.டி.சி., அந்த சீசனின் 120 எச்3என்2 வைரஸ்களைச் சோதித்தது. 109-ல் இந்த மருந்து வேலை செய்யவில்லை. ஃப்ளூவுக்கு இனி இதை எழுத வேண்டாம் என்று சொல்லிவிட்டது.

தவறான பயன்பாடு மட்டுமே காரணமா? இல்லை. ஒரேயொரு மரபணு மாற்றம் போதும், தக்கை நழுவிவிடும். மருந்து அதிகம் புழங்காத நாடுகளிலும் அந்த மாறிய வைரஸ் பரவியது. ஆனால், இவ்வளவு எளிதாகத் தோற்கக்கூடிய மருந்தைச் சளிக்கும் கோழிக்கும் வாரி இறைத்தது, எதிரிக்கு நாமே ஒத்திகை கொடுத்த மாதிரி.

இன்று ஃப்ளூவுக்கு ஓசெல்டமிவிர் இருக்கு. அதையும் "எதுக்கும் இருக்கட்டும்"னு நீங்களே வாங்கிப் போடாதீங்க.

இன்னொன்று. வீட்டில் தாத்தாவுக்கு நடுக்கத்துக்காக அமன்டடின் எழுதியிருக்கலாம். நெட்டில் தேடினால் "வைரஸ் மருந்து" என்று வரும். பதறிப்போய் திடீரென நிறுத்திடாதீங்க, நடுக்கமும் இறுக்கமும் மோசமாகும். எழுதிய மருத்துவரிடம் கேளுங்க.