பனிக்கட்டி முடித்துவைத்த கச்சேரி

1970-களின் நடுப்பகுதி. நியூயார்க் தெருவோரத்தில் நின்றபடி ஓர் இளம்பெண் வயலின் வாசிக்கிறார். காலில் பனிச்சறுக்குக் காலணி. அதன் தகடுகள் பனிக்கட்டிகளுக்குள் உறைந்திருக்கின்றன. வயலினுக்குள் பொருத்திய சிறு ஒலிபெருக்கியிலிருந்து முன்பே பதிவான வயலின் இசை வர, அதனோடு சேர்ந்து அவரும் வாசிக்கிறார். சுழன்றுகொண்டே இருக்கும் ஒலிநாடாவுக்கு முடிவு கிடையாது. அதனால் கச்சேரியை முடித்துவைக்கும் பொறுப்பைப் பனிக்கட்டியிடம் விட்டிருந்தார். கட்டி உருகி, கால் தடுமாறினால் நிகழ்ச்சி முடிந்தது. 'டூயட்ஸ் ஆன் ஐஸ்' என்ற இந்த நிகழ்வை இத்தாலியின் ஜெனோவா நகரிலும் நடத்தினார், லாரி ஆண்டர்சன்.

1947-இல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் பிறந்தவர். சிறுவயதிலேயே வயலின் கற்றார். பிறகு கொலம்பியா பல்கலைக்கழகத்தில் சிற்பம் பயின்றார். ஆனால் வாழ்நாள் முழுக்க அவரை ஈர்த்தது வேறொன்று: பதிவான குரலும் உயிருள்ள உடலும் ஒரே இடத்தில் சந்தித்தால் என்ன நடக்கும்? 1977-இல் வயலின் வில்லிலிருந்த குதிரைமயிரை எடுத்துவிட்டு, பேச்சு பதிந்த காந்த நாடாவைக் கட்டினார். நாடாவைப் படிக்கும் டேப் ஹெட்டை வயலின் மேல் பொருத்தினார். வில்லை ஒரு பக்கம் இழுத்தால் சொல் நேராக ஒலிக்கும். மறுபக்கம் தள்ளினால் தலைகீழாக ஒலிக்கும். கையின் வேகம்தான் பேச்சின் வேகம்.

1981-இல் வந்த 'ஓ சூப்பர்மேன்' பாடலிலும் இதே தேடல்தான். திரும்பத் திரும்ப ஒலிக்கும் ஒற்றை 'ஹா' ஓசையே அதன் தாளம். வீட்டில் ஆள் இல்லாதபோது தொலைபேசிப் பதிவுக் கருவியில் வந்து சேரும் குரல்கள், அதன் கதை. ஈரானில் அமெரிக்கப் பிணைக்கைதிகளை மீட்கப் போன 1980-ஆம் ஆண்டு முயற்சி தோற்றதே அதற்குத் தூண்டுதல். எட்டு நிமிடத்துக்கு மேல் ஓடும் அந்தப் பாடல் பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் இரண்டாம் இடத்தைப் பிடித்தது.

அதன்பின் இரண்டு இரவுகளில் எட்டு மணி நேரம் நீளும் மேடைப் படைப்பு, திரைப்படங்கள், நாசாவின் முதல் உறைவிடக் கலைஞர் என்ற பொறுப்பு, மெய்நிகர் உலகம் என்று களங்கள் மாறிக்கொண்டே இருந்தன. புதுக் கருவிகள் மீதான மோகம் என்று இதைச் சுருக்குவது சரியல்ல. 2015-இல் நியூயார்க்கில் அவர் நடத்திய 'ஹேபியஸ் கார்பஸ்' (ஆட்கொணர்வு) என்ற நிகழ்வு அதற்குச் சான்று.

அதன் மையத்தில் இருந்த முகமது எல் கரானி சிறுவனாகப் பிடிபட்டு, அமெரிக்காவின் குவாண்டனாமோ சிறையில் ஏழு ஆண்டுகளுக்கு மேல் அடைபட்டவர். 2009-இல் நீதிமன்ற உத்தரவால் விடுதலையானவர். அங்கிருந்து விடுதலையானாலும் அமெரிக்காவுக்குள் நுழைய அனுமதி இல்லை. அவர் மேற்கு ஆப்பிரிக்காவில் ஒரு நாற்காலியில் அமர்ந்தார். நேரலையில் வந்த அவரது உருவம், நியூயார்க் மண்டபத்தில் லிங்கன் நினைவகச் சிலைபோல் அமைத்த பிரம்மாண்டமான வெள்ளைச் சிலைமீது விழுந்தது. அமெரிக்கர்கள் அண்ணாந்து பார்த்தார்கள்.

நீதிமன்றமே விடுவித்த ஒருவரை நாடு உள்ளே விட மறுத்தது. கலை அவரை அழைத்து, லிங்கனின் ஆசனத்தில் உட்காரவைத்தது.