யாழ்ப்பாணக் குடாநாட்டில் தொலைக்காட்சி

இலங்கையின் முதல் தொலைக்காட்சிச் சேவையான ஐ.ரி.என். 1979 ஏப்ரலில் தொடங்கியபோது கொழும்பைச் சுற்றியே தெரிந்தது. யாழ்ப்பாணத்தை எட்டியது 1982 பெப்ரவரியில் தொடங்கிய ரூபவாகினி. வன்னியில் கொக்காவில் கோபுரம் அதை அஞ்சல் செய்தது. ஆனால் குடாநாட்டின் கண் வடக்கே, 1975 முதல் இயங்கிவந்த சென்னைத் தூரதர்சன் மீதுதான். ரூபவாகினியில் தமிழுக்குக் கிடைத்த நேரம் சொற்பம், வேறென்ன செய்வார்கள்? காலநிலை ஒத்துழைத்தால் கடல் தாண்டிப் படம் தெரியும். வெள்ளி இரவு 'ஒலியும் ஒளியும்' திரைப்பாடல் நிகழ்ச்சி தொடங்குமுன் ஒருவர் முற்றத்தில் அன்ரனாக் குழாயைத் திருப்புவார், விறாந்தையிலிருந்து "இன்னும் கொஞ்சம், ஆ, விடுங்கோ!" என்று குரல் வரும். பெட்டி இருந்த வீட்டில் அயலட்டை முழுவதும் பாயில் இருந்தது.

1980களின் நடுவில் விடுதலைப் புலிகளின் 'நிதர்சனம்' தொலைக்காட்சி உள்ளூரிலேயே ஒளிபரப்பைத் தொடங்கியது. 1987 ஒக்ரோபரில் இந்தியப் படையுடன் போர் மூண்டதும் அது தடைப்பட்டது.

1990இல் புலிகளுக்கும் இலங்கை அரசுக்கும் இடையே மீண்டும் போர். கொக்காவில் வீழ்ந்தது, மின்சாரமும் போனது. தொலைக்காட்சி அழியவில்லை, வாடகைப் பொருளானது. ரீ.வி., வீடியோ டெக், ஜெனரேற்றர் மூன்றையும் ஒன்றாக எடுத்து, ஊர் காசு சேர்த்து 'படம் போட்டது'. எரிபொருள் தடையால் பெற்றோல் தங்கமாயிருந்தது. சில துளி விட்டு இயந்திரத்தைக் கிளப்பி, பிறகு மண்ணெண்ணெயில் ஓட்டினார்கள். புகையோடும் இரைச்சலோடும் விடியும்வரை இரண்டு மூன்று படங்கள். எந்தப் படம் ஓடலாம் என்பதைப் புலிகளின் தணிக்கை தீர்மானித்தது. குடாநாட்டில் தொலைக்காட்சி ஊர்ப்பொதுவாயிருந்த காலம் என்றால், என் கணிப்பில், அரங்கு போல் முற்றம் நிறைந்த இந்தத் தட்டுப்பாட்டுக் காலமே.

இதே டெக் குடும்பத்துக்குள்ளும் புகுந்தது. கலியாணவீடும் சாமத்தியவீடும் வீடியோவாகி ரொறன்ரோவுக்கும் இலண்டனுக்கும் போயின. வரமுடியாத மாமாவும் சித்தியும் பார்க்கவேண்டும் என்பதற்காகவே சடங்கின் நேரமும் நிற்கும் இடமும் கமராவுக்கேற்ப மாறின.

போர் முடிந்தபின் 2011 ஜூனில் கொக்காவிலில் 174 மீற்றர் உயரக் கோபுரம் மீண்டும் எழுந்தது. அதற்குள் கேபிளும் டிஷ்ஷும் வீடுகளுக்குள் வந்துவிட்டன. தமிழ்நாட்டுத் தொடர்நாடகங்கள் மாலைப் பொழுதைப் பிடித்துக்கொண்டன; சின்னப்பிள்ளைகள் சென்னைப் பேச்சுப் பேசுகிறார்கள் என்று பெரியவர்கள் முறையிட்டபடியே அவற்றை விடாமல் பார்த்தார்கள். நல்லூர்த் திருவிழா நேரலையாகப் புலம்பெயர்ந்தோரை எட்டுகிறது. செத்தவீடும் அப்படியே: மரண அறிவித்தலில் கிரியை நடக்கும் நேரத்தோடு நேரலை விபரமும் இப்போது சேர்க்கப்படுகிறது.