காலம் தாழ்ந்து வந்த பட்டம்

சதுரங்க வீரர்களின் வரலாறுகளைப் படிப்பதில் எனக்கு நெடுநாளைய ஈடுபாடு உண்டு. அவர்களுள் என் நெஞ்சை விட்டு நீங்காதவர் மீர் சுல்தான் கான்.

பிரிவினைக்கு முந்திய பஞ்சாபில் பிறந்த இவர், நிலக்கிழாராகிய சர் உமர் ஹயாத் கானின் ஆதரவைப் பெற்றவர். இவர் முதலில் பயின்றது நம் நாட்டு முறைச் சதுரங்கம். அதில் சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டமே செல்லும். மேனாட்டு முறையிலோ இரண்டு கட்டம் செல்லலாம். ஆகவே, ஆட்டத்தின் தொடக்கத்தையே அவர் புதிதாகக் கற்க வேண்டியிருந்தது.

1929-இல் லண்டன் சென்றவர், அவ்வாண்டே பிரிட்டிஷ் சாம்பியன் ஆனார். 1932, 1933 ஆகிய ஆண்டுகளிலும் வென்றார். முன்னாள் உலகச் சாம்பியனான கியூபா நாட்டுக் காபபிளாங்காவை 1930-31 ஹேஸ்டிங்ஸ் போட்டியில் தோற்கடித்தார். உமர் ஹயாத் கானின் இல்லத்தைச் சேர்ந்த பாத்திமா என்னும் பெண்மணியும் 1933-இல் பிரிட்டிஷ் மகளிர் சாம்பியன் ஆனார் என்பது வியப்பன்றோ!

அவ்வாண்டின் இறுதியில் தாயகம் திரும்பிய சுல்தான் கான், மீண்டும் ஐரோப்பியப் போட்டிகளில் ஆடவில்லை. உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு 1950-இல் 27 பேருக்குக் கிராண்ட்மாஸ்டர் பட்டம் வழங்கிற்று. அப்போது அவர் உயிருடன் இருந்தார். பட்டியலில் அவர் பெயர் இல்லை. 1966-இல் பாகிஸ்தானில் மறைந்தார். கௌரவ கிராண்ட்மாஸ்டர் என்னும் பட்டம் 2024-இல்தான் அவர் பெயரை வந்தடைந்தது.

தலைமையாசிரியனாக நான் எத்தனையோ நற்சான்றிதழ்களில் கையெழுத்திட்டவன். தகுதியுள்ள சிலருக்கு உரிய காலத்தில் ஒரு பாராட்டுச் சொல்லும் கூறாது விட்டதும் உண்டு. சுல்தான் கானை எண்ணுந்தோறும் அம்மாணவர்களின் முகங்கள் என்முன் தோன்றுகின்றன. பட்டம் தாழ்ந்து வருவது பெறுபவர் குறையன்று, கொடுப்பவர் குறையே.